மதில் நூல் எங்கள் பக்கம் வந்துவிட்டது: அரச நில அளவையாளரை அழைக்க வழி உண்டா?

வேலிக்கதியால்

வணக்கம். கோண்டாவில் பக்கம் எங்கள் வளவு. அம்மா தனியே இருக்கிறார், நான் கொழும்பில் வேலை பார்க்கிறேன். கிழக்கு எல்லையில் இவ்வளவு காலமும் கிளுவையும் பூவரசும் நட்ட கதியால் வேலிதான். போன மாதம் அடுத்த வளவில் மதில் கட்டத் தொடங்கினார்கள். அடுத்த வளவு அந்நியருடையது இல்லை. அம்மாவின் ஒன்றுவிட்ட தம்பி, எனக்கு மாமா. அவர் ரொறன்ரோவில். இங்கே மாமியின் தமையனிடம் அற்றோணித் தத்துவம் (தன் சார்பில் செயல்படும் அதிகாரப் பத்திரம்) கொடுத்திருக்கிறார். எல்லாம் தத்துவக்காரரின் ஆட்சிதான்.

மேசன் கட்டிய நூல் ஒழுங்கைப் பக்கத்தில் எங்கள் கதியாலுக்கு உள்ளே ஒன்றரை அடி நிற்கிறது. தெற்கே போகப் போகக் குறைந்து, கிணற்றடியில் வேலியோடு சேர்கிறது. அம்மா போய்க் கேட்டார். "வேலிதான் அக்கா பிழை, நூல் சரி" என்று சொல்லிவிட்டு மறுநாளே அத்திவாரக் கிடங்கு வெட்டத் தொடங்கிவிட்டார்கள். பொலிஸில் முறைப்பாடு எழுதினோம். மூன்று நாள் வேலை நின்றது, பிறகு திரும்பவும் மண்வெட்டிச் சத்தம்.

யூடியூப்பில் ஒருவர் விளக்கமாகச் சொன்னார்: மனு எழுதிக் கட்டணம் கட்டினால் அரசாங்க சர்வேயர் வந்து அளந்து கல் நட்டுவிட்டுப் போவார். நானும் ஒரு நாள் லீவு போட்டுப் பிரதேச செயலகத்துக்குப் போனேன். காணிக் கிளையில் இருந்த பெண் "உறுதிக் காணியா, பெர்மிட் காணியா?" என்று கேட்டார். உறுதிக் காணி, அதாவது பத்திரம் எழுதிய சொந்தக் காணி என்றேன். "அப்படியென்றால் எங்களிடம் வேலை இல்லைத் தம்பி" என்று கோப்பை மூடினார்.

பிறகு யாரிடம்தான் போவது? உறுதியில் 4 பரப்பு என்று இருக்கிறது. அந்த 4 பரப்பையும் அளந்து தரச் சொல்லி யாரைக் கேட்பது?

சங்கிலிக்காரன்

தம்பி, நான் நில அளவைத் திணைக்களத்தில் 31 வருடம் வெளிவேலை பார்த்து ஓய்வு பெற்றவன். பெயரைப் பார்த்துப் பயப்பட வேண்டாம், அளவுச் சங்கிலி இழுத்தவன்.

முதலில் அந்த யூடியூப்பை மறந்துவிடுங்கள். அது தமிழ்நாட்டுக் கதையாக இருக்கும். இங்கே அரச நில அளவையாளர் எதற்கு வருவார் என்றால் அரச காணிக்கு, பெர்மிட்டும் அளிப்பும் கொடுத்த காணிக்கு, அரசாங்கம் சுவீகரிக்கிற காணிக்கு, நீதிமன்றம் கட்டளையிட்டால் அதற்கு. இரண்டு உறுதிக்காரருக்கு நடுவில் வேலிச்சண்டை என்றால் அனுமதிபெற்ற நில அளவையாளர்தான். ஆனால் அவரைக் குறைவாக நினைக்க வேண்டாம். 2002 ஆம் ஆண்டின் 17 ஆம் இலக்க நில அளவைச் சட்டத்தின்படி பதிவு செய்து, வருடா வருடம் அனுமதி புதுப்பித்துத்தான் அவர் தொழில் செய்கிறார். அந்த வருடத்து அனுமதி கையில் இருக்கிறதா என்று மட்டும் கேளுங்கள். கேட்டால் கோபப்படுகிற ஆள் வேண்டாம்.

நம் சனம் ஒரு மயக்கத்தில் இருக்கிறது. அரசாங்க சர்வேயர் வந்து நின்றால் அரசாங்கமே வந்து தீர்ப்புச் சொன்ன மாதிரி என்று. நான் வேலை பார்த்த திணைக்களம் 1800 இல் தொடங்கியது. அத்தனை வருடத்திலும் அது ஒரு வேலிச்சண்டைக்குக்கூடத் தீர்ப்புச் சொன்னதில்லை. அது அளக்கும், கீறித் தரும். "இது இன்னாருக்குச் சொந்தம்" என்று சொல்வது நீதிபதியின் வேலை, அல்லது நீங்கள் இரண்டு பேரும் கூடிச் செய்கிற வேலை.

இனி உங்கள் கணக்குக்கு வருவோம். நூல் வடக்கில் ஒன்றரை அடி, தெற்கில் ஒன்றும் இல்லை என்கிறீர்கள். வேலி எத்தனை அடி நீளம்?

வேலிக்கதியால்

நன்றி ஐயா. 121 அடி. தெற்கு வடக்காக 121, கிழக்கு மேற்காக 90 என்று அம்மா சொல்கிறார்.

சங்கிலிக்காரன்

அப்படியென்றால் 121 ஐ 90 ஆல் பெருக்கினால் 10,890 சதுர அடி. 16 பரப்பு ஓர் ஏக்கர், ஒரு பரப்பு 10 பேர்ச்சஸ், அதாவது 2722½ சதுர அடி. சரியாக 4 பரப்பு. அந்தக் காலத்தில் யாரோ கணக்குத் தெரிந்த மனிதர் பிரித்திருக்கிறார்.

நூல் தின்கிற துண்டு முக்கோணம். 121 இன் பாதி, தர ஒன்றரை: 90¾ சதுர அடி. பரப்புக்கு 18 குழி, குழிக்கு 151¼ சதுர அடி. ஆக, சண்டை அரைக் குழிக்குச் சற்றுக் கூட. இதைச் சிறிது என்று சொல்ல வரவில்லை. யாழ்ப்பாணத்தில் இதைவிடக் குறைந்த மண்ணுக்கு இரண்டு தலைமுறை கோடேறியதை, நீதிமன்றம் போனதை, நான் பார்த்திருக்கிறேன்.

இன்னொன்று. வேலி நடக்கும் தம்பி. சிரிக்காதீர்கள். பட்டுப்போன கதியாலைப் பிடுங்கி அதே குழியில் யாரும் புதுக் கதியால் நடுவதில்லை. பழைய வேர் கிடக்கும், அலவாங்கு இறங்காது. ஆகவே மூன்று விரல் தள்ளிக் குத்துவார்கள். எந்தப் பக்கம் தள்ளுவார்கள்? வேலி அடைக்கிறவர் தன் பக்கத்தில் நின்றுதான் குத்துகிறார், அலவாங்கு முன்னால்தான் போகும். ஐந்து வருடத்துக்கு ஒருமுறை மூன்று விரல் என்று வையுங்கள். ஐம்பது வருடத்தில் வேலி எங்கே நிற்கும்? ஒருவரும் களவெடுக்கவில்லை, ஆனால் வளவு நகர்ந்துவிட்டது. எங்கள் காலத்தில் வேலியைப் பார்த்து எல்லை கீறுகிற சர்வேயரை மேலதிகாரி ஏசுவார்.

ஆகவே உறுதியை எடுத்து அட்டவணையைப் படியுங்கள். "பரப்பு 4" என்பதற்குப் பிறகு ஏதாவது வரைபட இலக்கம் இருக்கிறதா? அதுதான் உங்கள் மந்திரக்கோல்.

நெல்லைச்சீமை

அந்த யூடியூப் எங்கள் ஊர்க்காரருடையதாகத்தான் இருக்கும், மன்னிக்கவும். எங்களிடம் ஒவ்வொரு கிராமத்திலும் ஒவ்வொரு துண்டுக்கும் சர்வே எண், உட்பிரிவு எண் உண்டு. எந்தக் கல்லிலிருந்து எந்தக் கல்லுக்கு எத்தனை மீட்டர் என்று புலவரைபடத்தில் எழுதியிருக்கும். எப்.எம்.பி. என்று சொல்வோம். 1923 ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி அரசாங்கமே அளந்து எல்லைக்கல் போட்டு வைத்திருப்பதால், கல் காணாமல் போனால் தாலுகா அலுவலக சர்வேயர் அந்தப் படத்தை வைத்துத் திரும்ப அளந்து காட்டுகிறார். உங்களிடம் அப்படி ஒரு படமே இல்லையா?

ஆனால் எங்களைப் பார்த்துப் பொறாமைப்படாதீர்கள். சர்வேயர் அளந்துவிட்டுப் பஸ் ஏறுவதற்குள் கல்லைப் பிடுங்கித் தோட்டத்து வரப்புக்கு அண்டை கொடுக்கிறவர்கள் இங்கேயும் இருக்கிறார்கள். உரிமை யாருக்கு என்ற வழக்கும் கடைசியில் உரிமையியல் நீதிமன்றத்துக்குத்தான் போகிறது.

கறுப்புக்கோட்டு

நெல்லைச்சீமைக்கு: எங்களிடம் காணிக்கு எண் இல்லை, பெயர் இருக்கிறது. புளியடி வளவு, ஆலடித் தோட்டம் என்று உறுதியில் பெயரோடுதான் வரும். ஒல்லாந்தர் தோம்பு (காணிப் பதிவேடு) எழுதிய காலத்திலிருந்து வந்த பழக்கம். நான்கு திசைக்கும் நான்கு பேரின் பெயர், "இதற்குள் பட்ட நிலமும் பனை வடலியும் பயன்தரு மரங்களும் கிணற்றில் பங்கும் வழி வாய்க்கால் உரித்தும்". அவ்வளவுதான். காணிப் பதிவகத்தில் பதிவது உறுதியைத்தான், உரித்தை அல்ல. உரித்தையே பதிகிற சட்டம் 1998 இல் வந்தது, 2007 இலிருந்து பிம்சவிய என்ற பெயரில் துண்டு துண்டாக அளந்து சான்றிதழ் கொடுக்கிறார்கள். அது நாட்டில் இன்னும் முடியவில்லை.

இழையைத் தொடங்கியவருக்கு: சங்கிலிக்காரன் ஐயா சொன்னது முழுவதும் சரி, ஆனால் வரிசை மாறியிருக்கிறது. நாளைக் காலையில் அளக்க ஆள் தேடுவதற்கு முன்னால் மதிலை நிறுத்துங்கள். கொங்கிறீட் காய்ந்த பிறகு நீங்கள் எத்தனை வரைபடம் கொண்டுவந்தாலும் அதை உடைக்கச் சொல்லிக் கேட்பது வேறு வழக்கு.

இரண்டு வாசல் இருக்கிறது. ஒன்று, 1979 ஆம் ஆண்டின் 44 ஆம் இலக்க ஆரம்ப நீதிமன்ற நடவடிக்கைமுறைச் சட்டத்தின் 66 ஆம் பிரிவு. அமைதி குலையக்கூடிய காணிச் சண்டை என்று பொலிஸ் அறிக்கை போடலாம், பொலிஸ் போடாவிட்டால் நீங்களே சத்தியக்கடதாசியோடு (சத்தியம் செய்து எழுதிய வாக்குமூலம்) போகலாம். அங்கே உரித்தைப் பார்க்கமாட்டார்கள். வழக்கு வந்த நாளில் யார் கையில் இருந்தது, அதற்கு முந்திய இரண்டு மாதத்துக்குள் யாராவது யாரையாவது வெளியேற்றினார்களா என்றுதான் பார்ப்பார்கள். இந்த இரண்டு மாதத்தை எண்ணிக்கொள்ளுங்கள். கிடங்கு வெட்டியது போன மாதம் என்கிறீர்கள். மற்றது, மாவட்ட நீதிமன்றத்தில் எல்லையை வரையறுத்துத் தரச் சொல்லும் வழக்கும் அதோடு இடைக்காலத் தடையும். அந்த வழக்கில் நீதிமன்றம் நில அளவையாளர் ஒருவருக்கு ஆணை கொடுக்கும், தேவையென்றால் அரச நில அளவையாளருக்கே கொடுக்கும். நீங்கள் தேடுகிற அரசாங்க சர்வேயர் அந்த வழியால்தான் உங்கள் வளவுக்கு வருவார்.

இன்னொரு விடயம். உறுதியில் 4 பரப்பு என்று இருப்பதால் 4 பரப்பும் கிடைத்தாக வேண்டும் என்று பிடிவாதம் பிடிக்காதீர்கள். எல்லை தெளிவாக இருக்கும்போது எல்லைதான் பேசும், பரப்பளவு பின்னால் நிற்கும். "ஏறக்குறைய" என்று நொத்தாரிசு ஒரு சொல் போட்டிருப்பார், பாருங்கள்.

பனிப்புலம்

(பனி கொட்டுகிற புலத்திலிருந்து எழுதுகிறேன், ஊர்ப் பனிப்புலம் இல்லை.)

தத்துவக்காரரோடு ஏன் மினைக்கெடுகிறீர்கள்? மாமாவுக்கு நேரே தொலைபேசி எடுங்கள். இங்கே இருக்கிற எங்களுக்கு வட்ஸ்அப்பில் மதிலின் படம்தான் வருகிறது, நூல் எங்கே நிற்கிறது என்று ஒருவரும் சொல்வதில்லை. நானும் ஒருமுறை அப்படி ஒரு மதிலுக்குக் காசு அனுப்பிவிட்டுப் பிறகு ஒரு செத்தவீட்டில் சொந்தத் தங்கையின் முகத்தைப் பார்க்க முடியாமல் நின்றேன்.

எல்லையே இல்லாமல் போனால் என்ன நடக்கும் என்று நான் சொல்கிறேன். எங்களுடையது வலிகாமம் வடக்கு. 1990 இல் யுத்தத்தால் ஊரைவிட்டு எழும்பினோம். இராணுவம் காணியை விடுவித்தபோது போய்ப் பார்த்தேன். வேலி இல்லை, வீடு இல்லை, ஒழுங்கை இல்லை. காடாகக் கிடந்ததை டோசர் போட்டு வழித்திருந்தார்கள். பத்துக் குடும்பம் ஒரு வெளியில் நின்று "இது எங்கள் முற்றம்", "இல்லை, எங்கள் மாட்டுக்கொட்டில்" என்று கைநீட்டிக்கொண்டு நின்றோம். கிணறுதான் காப்பாற்றியது. கிணற்றை மூடியிருந்தாலும் வட்டம் தெரிந்தது. சர்வேயர் மூன்று கிணற்றை முதலில் பிடித்தார், அதிலிருந்து எங்கள் அப்புவின் பழைய வரைபடத்தை விரித்தார். அந்த வரைபடம் எங்கே இருந்தது தெரியுமா? 1995 ஒக்ரோபர் இடப்பெயர்வில் அம்மா உடுப்புக்கு நடுவில் வைத்துச் சாவகச்சேரிக்குக் கொண்டுபோன தகரப் பெட்டியில். நகை போய்விட்டது, அந்தக் கடதாசி இருந்தது.

ஆமணக்கு

எல்லாரும் சர்வேயர், சர்வேயர் என்கிறீர்கள். எங்கள் பக்கத்தில் நில அளவைத் திணைக்கள வாகனம் வந்தாலே சனம் ஒழுங்கைக்குக் குறுக்கே போய் இருக்கிறது. மண்டைதீவிலும் மாதகலிலும் கடற்படைக்குக் காணி அளக்க வந்தபோது நடந்ததை மறந்துவிட்டீர்களா? 2025 மார்ச் 28 ஆம் தேதி வடக்கில் 5,900 ஏக்கருக்கு மேல் உரிமை கோரச் சொல்லி வர்த்தமானி போட்டு, எதிர்ப்பு வந்த பிறகுதானே திரும்பப் பெற்றார்கள்? அரசாங்க அளவை என்றால் எனக்கு முதலில் வருவது பயம்.

சங்கிலிக்காரன்

ஆமணக்கு, நீங்கள் சொல்வது பொய் இல்லை. நானே அப்படி ஓர் ஒழுங்கையில் வாகனத்துக்குள் இருந்திருக்கிறேன். கல்லெறியவில்லை, ஒரு கிழவி தண்ணீர் கொண்டுவந்து தந்துவிட்டு "குடித்துவிட்டுத் திரும்பிப் போ மோனை" என்றார். குடித்துவிட்டுத் திரும்பினோம். ஆனால் தம்பியின் பிரச்சினையில் அரசாங்கத்துக்குக் காணி வேண்டாம், மாமாவின் மச்சானுக்குத்தான் வேண்டும்.

இணுவில் மருமகள்

கறுப்புக்கோட்டு சொன்னதோடு ஒன்றைச் சேர்க்கிறேன், எங்கள் வீட்டில் பட்ட அனுபவம். தனியே போய் உங்களுக்கென்று ஒரு சர்வேயரைப் பிடிக்காதீர்கள். என் மாமனார் அப்படித்தான் செய்தார். அவர் நாங்கள் காட்டிய இடத்தை அளந்து படம் கீறித் தந்தார். ஒரு மாதத்தில் அடுத்த வீட்டுக்காரரும் இன்னொருவரைக் கொண்டுவந்து அவர் காட்டிய இடத்தை அளந்து படம் கீறினார். இரண்டு படத்திலும் முத்திரை, இரண்டிலும் கையொப்பம், நடுவில் இரண்டு அடி இரண்டு பேருக்கும் சொந்தம். வழக்கு 11 வருடம் ஓடியது. மூன்றாவதாக நீதிமன்றம் அனுப்பியவர் பழைய படத்தைப் புதிய படத்தின் மேல் பொருத்திப் பார்த்துத்தான் முடிவு வந்தது. அந்த வேலையை முதல் நாளே இரண்டு வீட்டாரும் சேர்ந்து ஒருவரைக் கொண்டு செய்திருந்தால் ஓர் அந்தி நேரத்து வேலை. மாமனார் தீர்ப்புக்கு இரண்டு வருடம் முந்திச் செத்துப்போனார்.

மத்தியஸ்த சபையையும் சும்மா நினைக்காதீர்கள். காணிக்கென்றே விசேட சபை யாழ்ப்பாணத்தில் இருக்கிறது. அங்கே போனால் ஒரே சர்வேயரை ஒத்துக்கொள்ள வைப்பது சுலபம், ஏனென்றால் கேட்பது நீங்கள் இல்லை, சபை.

கறுப்புக்கோட்டு

மருமகள் அக்காவை வழிமொழிகிறேன், என் வருமானத்துக்குக் கேடாக இருந்தாலும். 66 ஆம் பிரிவை மறக்க வேண்டாம் என்பது மட்டும் என் கவலை. பேச்சு நடக்கிறது என்று நம்பி இரண்டு மாதத்தை விட்டுவிட்டு வந்தவர்கள் பலர்.

வேறொருவர் தனிச்செய்தியில் கேட்டதற்கும் இங்கேயே பதில்: 10 வருடம் எதிர்ப்பில்லாமல் ஆண்டால் உரித்து வரும் என்பது 1871 ஆம் ஆண்டின் 22 ஆம் இலக்க ஆட்சியுரிமைக் கட்டளைச் சட்டம். யுத்தத்தால் காணிக்குப் போக முடியாமல் இருந்தவர்களுக்காக 2016 இல் ஒரு விசேட சட்டம் வந்தது. 1983 மே 1 முதல் 2009 மே 18 வரையான காலத்தை அந்த 10 வருடத்தில் சேர்க்காமல் விடச் சொல்லியது, ஆனால் வழக்குப் போட இரண்டு வருடம்தான் கொடுத்தது. அந்தக் கதவு மூடிவிட்டது.

வேலிக்கதியால்

எல்லாருக்கும் நன்றி. மூன்று செய்தி.

ஒன்று, உறுதியில் இருக்கிறது! அம்மாவின் சீதன உறுதி 1981. அதில் "1962 ஆம் ஆண்டு வரைபடத்தில் 2 ஆம் துண்டாகக் குறிக்கப்பட்ட" என்று ஒரு வரி. இவ்வளவு காலமும் அதை நான் படித்ததே இல்லை. வரைபடம் எங்களிடம் இல்லை. அந்த நில அளவையாளர் காலமாகி நெடுங்காலம். அவருடைய பேரன் யாழ்ப்பாண நகரத்தில் இருக்கிறார், பழைய படங்களைச் சாரத்தில் சுற்றி அலுமாரிக்கு மேல் வைத்திருக்கிறார். போய்ப் பிரதி எடுத்தேன். படத்தில் எல்லாம் சங்கிலி, லிங்க் கணக்கு.

இரண்டு, மாமாவோடு பேசினேன். பனிப்புலம் அண்ணை சொன்னது போலவே, மாமாவுக்கு ஒன்றும் தெரியாது. முதல் பத்து நிமிடம் ஏசினார், பிறகு அம்மம்மாவின் தோசையைப் பற்றிக் கேட்டார், பிறகு "அளக்கட்டும், அரைவாசிக் காசு நான் தருகிறேன், மதில் நிற்கட்டும்" என்றார்.

மூன்று, தத்துவக்காரருக்கு இது பிடிக்கவில்லை. கம்பி வாங்கி அடுக்கியாகிவிட்டது என்கிறார். 66 ஆம் பிரிவுக்கான சத்தியக்கடதாசியையும் எழுதி மேசை இலாச்சிக்குள் வைத்திருக்கிறேன், கறுப்புக்கோட்டு ஐயா.

சங்கிலிக்காரன்

லிங்க் என்பது 7.92 அங்குலம், நூறு லிங்க் ஒரு சங்கிலி, 66 அடி. உங்கள் 121 அடி படத்தில் 183 லிங்கும் கொசுறுமாக இருக்க வேண்டும், சரிபாருங்கள். இழுத்திழுத்துச் சங்கிலி நீளும், வெயிலில் இன்னும் நீளும். ஓரிரண்டு அங்குல வித்தியாசத்தைப் பெரிதாக்க வேண்டாம். அளவு நாளில் கல்லைத் தேடுங்கள். ஒழுங்கைக்கு வருடா வருடம் கிரவல் போட்டிருப்பார்கள், கல் மேலே தெரியாது. அலவாங்கால் குத்திப் பாருங்கள், சத்தம் வேறாகக் கேட்கும்.

வேலிக்கதியால்

அளந்து முடிந்தது. நேற்றுச் சனிக்கிழமை. எழுதாமல் இருக்க முடியவில்லை.

காலை ஏழு மணிக்கு நில அளவையாளரும் இரண்டு பெடியன்களும் வந்தார்கள். எங்கள் பக்கம் அம்மா, நான், கிராம அலுவலர். அந்தப் பக்கம் தத்துவக்காரர், மேசன், வட்ஸ்அப்பில் மாமா. ரொறன்ரோவில் அப்போது வெள்ளி இரவு, மாமா போர்வையோடு இருந்தார். அளவையாளர் ஒரு மணி நேரம் எதையுமே அளக்கவில்லை. 1962 படத்தைக் கையில் வைத்துக்கொண்டு நடந்தார். கிணற்றின் கட்டைத் தட்டிப் பார்த்தார், மேற்கு ஒழுங்கை மூலையில் நின்ற கல்லைக் கண்டு தலையாட்டினார். பிறகு மேசனைக் கூப்பிட்டு, "நூலை எங்கிருந்து எங்கே கட்டினீர்கள்?" என்று கேட்டார்.

மேசன் ஒழுங்கையில் நிற்கிற மின்கம்பத்தைக் காட்டினார். அதுதான் எல்லை என்று யாரோ சொன்னதாம். அந்தக் கம்பம் நான் பள்ளிக்கூடம் போன காலத்தில் நட்டது! தத்துவக்காரர் தொண்டையைச் செருமிக்கொண்டு வேறு பக்கம் பார்த்தார்.

கருவியை மூன்று காலில் நிறுத்தி, ஒரு பெடியன் கண்ணாடி பூட்டிய கோலைக் கிணற்றடியில் பிடித்தான். கணக்குப் போட்டு வடகிழக்கு மூலைக்கு ஓர் இடம் காட்டினார். அது வளவுக்குள் இல்லை, ஒழுங்கைக்குள். மற்றப் பெடியன் அலவாங்கால் குத்தினான். கிரவல், கிரவல், பிறகு "டங்" என்று ஒரு சத்தம். சங்கிலிக்காரன் ஐயா, உங்களை நினைத்தேன். அரை மணி நேரம் கிண்டினார்கள். சுண்ணாம்புக் கல், தலையில் சிலுவை மாதிரி வெட்டு. அம்மா கிட்டப்போய்க் குந்தியிருந்து தன் சேலைத் தலைப்பால் மண்ணைத் துடைத்தார். அம்மம்மா அந்தக் கல்லில் இருந்து பேன் பார்த்தவராம்.

முடிவு இதுதான். ஒழுங்கைப் பக்கத்தில் சரியான கோடு எங்கள் கதியாலுக்கு உள்ளே 3 அங்குலம். நூல் நின்றது ஒன்றரை அடியில். ஆகவே அங்கே 15 அங்குலம் எங்களுக்குச் சேர வேண்டும். ஆனால் கிணற்றடியில் எங்கள் வேலியே மாமாவின் காணிக்குள் 10 அங்குலம் போயிருக்கிறது. அந்தப் பக்கம் வேலி அடைத்தவர் எங்கள் அப்பா. வேலி நடக்கும் என்று நீங்கள் எழுதியபோது மாமா பக்கத்து வேலி என்றுதான் நினைத்தேன். குசினித் தாவாரத்துத் தண்ணீர் இவ்வளவு காலமும் மாமாவின் நிலத்தில் விழுந்திருக்கிறது.

நூல் தெற்கில் எங்கள் வேலியோடு சேர்ந்ததால், தத்துவக்காரர் அங்கே 10 அங்குலத்தை விட்டுக்கொடுத்து இங்கே 15 அங்குலத்தை எடுத்திருக்கிறார், தனக்கே தெரியாமல். இரண்டையும் கழித்தால் மிச்சம் 25 சதுர அடி. குழியில் ஆறில் ஒரு பங்கு.

அதோடு, எங்கள் வளவு 4 பரப்பில் அரைக் குழி குறைகிறது. அது மாமாவிடம் போகவில்லை. ஒழுங்கையை அகலித்தபோது அம்மம்மா 90 அடி நீளத்துக்கு 10 அங்குலம் விட்டுக் கொடுத்திருக்கிறார். கல் ஒழுங்கைக்குள் கிடந்ததன் காரணம் அதுதான்.

புதிய வரைபடத்தில் இரண்டு பக்கமும் கையொப்பம் வைப்பதாகப் பேச்சு. தத்துவக்காரர் "மச்சான் சொன்னால் சரி" என்று சொல்லிவிட்டு மேசனுக்கு வடக்குப் பக்கக் கிடங்கை மூடச் சொன்னார். கம்பிக் கணக்கை இன்னும் விடவில்லை.

கறுப்புக்கோட்டு

மகிழ்ச்சி. ஆனால் வரைபடத்தில் வைக்கிற கையொப்பத்தோடு நின்றுவிடாதீர்கள். 1840 ஆம் ஆண்டின் 7 ஆம் இலக்கச் சட்டத்தின்படி காணி பற்றிய உடன்பாடு நொத்தாரிசு முன்னால் எழுதினால்தான் நிற்கும். எல்லையை இந்தப் புதிய வரைபடத்தின்படி ஏற்றுக்கொள்கிறோம் என்று ஓர் உறுதி எழுதிப் பதிவகத்தில் பதிந்துவிடுங்கள். தத்துவக்காரர் கையொப்பமிடுவதானால் அவருடைய அற்றோணித் தத்துவத்தில் அதற்கு அதிகாரம் எழுதியிருக்கிறதா என்று முதலில் வாசியுங்கள். பல தத்துவத்தில் விற்க அதிகாரம் இருக்கும், எல்லை பேச இருக்காது.

இணுவில் மருமகள்

தாவாரத்துக்குப் பீலி போடுங்கள். மழைக்கு முன்னால். அந்தத் தண்ணீர்தான் அடுத்த சண்டை.

வேலிக்கதியால்

பீலிக்கு ஆள் சொல்லியாகிவிட்டது அக்கா.

இப்போது ஒரு புதுச் சிக்கல். கிணற்றுக்கு இந்தப் பக்கம் நிற்கிற பெரிய பூவரசு சரியாகக் கோட்டின் மேலேயே நிற்கிறது. அளவையாளர் அதன் அடிமரத்தில் ஓர் ஆணி அடித்து அதைத்தான் புள்ளியாகக் குறித்தார். தறித்தால் யார் தறிப்பது, மரம் யாருக்கு என்று மேசன் கேட்கிறார். தறிக்க அம்மா விடமாட்டார். மரத்துக்கு இரண்டு பக்கமும் தூண் எழுப்பி மதிலை முடித்தால் நடுவில் மூன்றடிப் பொட்டு (இடைவெளி) வரும். "அது இருக்கட்டும், கிணற்றடிக்கு வந்துபோகக் காணும்" என்கிறார் அம்மா. மாமாவும் சரி என்றுவிட்டார்.

கறுப்புக்கோட்டு

பொட்டு விடுவதானால் அதையும் வரைபடத்தில் காட்டச் சொல்லுங்கள், யார் சம்மதத்தோடு விட்டது என்று உறுதியில் ஒரு வரி எழுதுங்கள். இல்லாவிட்டால் பத்து வருடம் கழித்து அது வழியுரிமையாகி, இங்கே இன்னோர் இழை தொடங்கும்.